வீடுகளுக்கு அருகே மயானம்: உரிமம் தொடர்பான கேள்விகளும் பதில்களும்

மயான வழக்குகளில் வாதாடிவரும் வழக்கறிஞர் என்ற முறையில், வாசகர்கள் அனுப்பிய கேள்விகளுக்குத் தமிழ்நாட்டுச் சட்ட நிலையை ஒட்டிப் பதில் எழுதியுள்ளேன். எந்தக் கேள்வியிலும் முதலில் பார்க்க வேண்டியது, அந்த இடம் பதிவு பெற்றதா, உரிமம் பெற்றதா என்பதையே.

மனை வாங்கி வீடு கட்டினோம். எங்கள் வீட்டிலிருந்து 60 மீட்டர் தொலைவில் ஊர்ச் சுடுகாடு இருக்கிறது. 90 மீட்டருக்குள் எரிக்கக் கூடாது என்கிறார்களே, அதை மூடச் சொல்லி வழக்குப் போடலாமா?

1999ஆம் ஆண்டின் கிராம ஊராட்சி இடுகாடு, சுடுகாடு விதிகளில் 90 மீட்டர் என்ற அளவு இருப்பது உண்மைதான். ஆனால் பலரும் அந்த விதியைப் பாதியோடு நிறுத்திவிடுகிறார்கள். குடியிருப்பிலிருந்தோ குடிநீர் ஆதாரத்திலிருந்தோ 90 மீட்டருக்குள், மயானமாக உரிமம் பெற்ற இடத்தைத் தவிர வேறெங்கும், உடலைப் புதைக்கவோ எரிக்கவோ கூடாது என்பதே அதன் முழுப் பொருள். ஆகவே பதிவும் உரிமமும் உள்ள பழைய சுடுகாட்டை, பின்னால் வந்த வீடுகளைக் காரணம் காட்டி மூடச் சொல்வது கடினம்.

கிராம நிர்வாக அலுவலரிடம் 'அ' பதிவேட்டின் (ஊரின் ஒவ்வொரு நிலத்தின் வகைப்பாட்டையும் காட்டும் வருவாய்த்துறைப் பதிவேடு) நகலையும், அந்தப் புல எண்ணுக்கான புலப்படத்தையும் (நிலத்தின் எல்லைகளை அளவோடு காட்டும் வரைபடம்) வாங்குங்கள். பதிவேட்டில் 'மயானம்' என்று வகைப்பாடு இருந்து, புலப்படத்தின் எல்லைக்குள்ளேயே எரிக்கிறார்கள் என்றால் உங்கள் மனுவின் கோரிக்கையை மாற்றிக்கொள்வதே நல்லது. சுற்றுச்சுவர், உயரமான புகைபோக்கியுடன் கூடிய எரிவாயு தகன மேடை ஆகியவற்றைக் கேட்டு ஊராட்சிக்கும் வட்டார வளர்ச்சி அலுவலருக்கும் எழுதலாம். மாறாக, சுடுகாட்டு எல்லையைத் தாண்டிப் பக்கத்துப் புறம்போக்கில் சிதை அடுக்குகிறார்கள் என்று நில அளவையர் அளந்து காட்டினால், உங்கள் வழக்கு வலுவானது. இத்தகைய வழக்குகளில் பெரும்பாலும் தீர்ப்பை முடிவு செய்வது அந்த ஒரு புலப்படம்தான்.

தன் தென்னந்தோப்பிலேயே அடக்கம் செய்யச் சொல்லியிருக்கிறார் என் தந்தை. சொந்த நிலம்தானே, யார் தடுக்க முடியும்?

பட்டா உங்கள் பெயரில் இருப்பது மட்டும் போதாது. வீடுகளிலிருந்து 90 மீட்டருக்கு அப்பால் என்றால் சொந்த நிலத்தில் புதைக்கலாம் என்ற கருத்து நெடுநாள் நிலவியது. சென்னை உயர் நீதிமன்றத்தின் முழு அமர்வு (மூன்று அல்லது அதற்கு மேற்பட்ட நீதிபதிகள் கொண்ட அமர்வு) அதை ஏற்கவில்லை. மயானமாக ஒதுக்கப்பட்ட இடத்தில்தான் அடக்கம் செய்ய வேண்டும் என்று கூறிவிட்டது. 2024 ஜூலையில் பகுஜன் சமாஜ் கட்சியின் மாநிலத் தலைவர் ஆம்ஸ்ட்ராங் கொல்லப்பட்டபோது, அவரைப் பெரம்பூர் கட்சி அலுவலகத்திலேயே அடக்கம் செய்ய அனுமதி கேட்டார்கள். குறுகிய சாலையும் வீடுகளும் நிறைந்த பகுதி என்பதால் நீதிமன்றம் மறுத்தது. பிறகு திருவள்ளூர் மாவட்டம் பொத்தூரில் அடக்கம் நடந்தது. தந்தை நலமாக இருக்கும்போதே, அந்த இடத்துக்கு உரிமம் கேட்டு ஊராட்சியிடம் எழுத்து மூலம் விண்ணப்பியுங்கள். இறந்த பிறகு, உடலைக் கூடத்தில் கிடத்தி வைத்துக்கொண்டு அலுவலகம் அலுவலகமாக அலையும் வேதனை எந்தக் குடும்பத்துக்கும் வரக் கூடாது.

நாங்கள் சிறுபான்மையினர். ஊரில் எங்களுக்கென்று இடுகாடு இல்லை. புதிதாக நிலம் வாங்கியிருக்கிறோம். பக்கத்து வீட்டார் எதிர்க்கிறார்கள். என்ன செய்வது?

உரிமம் பெறாமல் ஓர் உடலைக்கூட அங்கே அடக்கம் செய்யாதீர்கள். முதல் அடக்கத்தை வைத்தே உங்கள் விண்ணப்பத்தை எதிர்ப்பார்கள். இடத்தின் அமைவு, எல்லை, பரப்பு ஆகியவற்றைக் காட்டும் வரைபடம், உரிமையாளர் பெயர், நிர்வாகம் செய்வோர் விவரம் ஆகியவற்றோடு ஊராட்சியிடம் விண்ணப்பியுங்கள். அருகிலுள்ள கிணறுகளின் தொலைவையும் நீங்களே குறித்துக் கொடுத்துவிடுங்கள். ஊராட்சி பதில் சொல்லாமல் இழுத்தடித்தால், குறித்த காலத்துக்குள் முடிவெடுக்க உத்தரவிடுமாறு உயர் நீதிமன்றத்தில் நீதிப்பேராணை (ரிட்) மனு தாக்கல் செய்யலாம். எதிர்ப்பவர்களின் தண்ணீர் குறித்த அச்சம் நியாயமானதாக இருக்கலாம். அதற்கு விடை தர வேண்டியது உங்கள் கடமை. 'இவர்கள் வேண்டாம்' என்பது மட்டுமே எதிர்ப்பின் காரணம் என்றால், அதற்குச் சட்டத்தில் இடமில்லை.

இடுகாடு இல்லாதவர்களின் நிலை எவ்வளவு கொடியது என்பதற்கு, சத்தீஸ்கரின் பஸ்தர் பகுதியில் இறந்த ஒரு கிறித்தவப் போதகரின் வழக்கே சான்று. அவருடைய உடல் வாரக்கணக்கில் பிணவறையில் கிடந்தது. 2025 ஜனவரி 27 அன்று உச்ச நீதிமன்ற நீதிபதிகள் இருவரும் மாறுபட்ட தீர்ப்பு வழங்கினார்கள். குடும்ப நிலத்தில் அடக்கம் செய்யலாம் என்றார் நீதிபதி நாகரத்னா. ஒதுக்கப்பட்ட இடத்தில்தான் செய்ய வேண்டும் என்றார் நீதிபதி சதீஷ் சந்திர சர்மா. இதற்கு மேலும் உடலைக் காக்க வைக்கக் கூடாது என்பதால், 20 கிலோமீட்டருக்கும் அப்பால் உள்ள கிறித்தவ இடுகாட்டில் அடக்கம் செய்ய உத்தரவிட்டார்கள். உரிமம் பெற்ற இடத்தில்தான் அடக்கம் என்று கட்டாயப்படுத்தும் அரசுக்கு, எல்லோருக்கும் அப்படியோர் இடத்தை எட்டும் தூரத்தில் அமைத்துத் தரும் பொறுப்பும் உண்டு என்பதே என் உறுதியான கருத்து.

நகராட்சிப் பகுதிக்கும் இதே விதிகள்தானா?

இல்லை. அங்கே 1998ஆம் ஆண்டின் நகர்ப்புற உள்ளாட்சிகள் சட்டமும் அதன் கீழ் 2023இல் வந்த விதிகளும் பொருந்தும். நகராட்சி ஆணையரிடம் விண்ணப்பிக்க வேண்டும்.

மயானம் இருக்கிறது, ஆனால் பாதையை மறிக்கிறார்கள்.

2019 ஆகஸ்டில் வாணியம்பாடி அருகே நாராயணபுரத்தில், பட்டியலினத்தவர் ஒருவரின் உடலைப் பாலத்தின் மேலிருந்து கயிறு கட்டி இறக்கினார்கள். வயல் வழியே செல்ல அவர்களுக்கு வழி கிடைக்கவில்லை. செய்தியைக் கண்ட சென்னை உயர் நீதிமன்றம் தானாக முன்வந்து விசாரணைக்கு எடுத்துக்கொண்டது. உங்கள் பாதை புலப்படத்தில் இருந்தால், ஆக்கிரமிப்பை அகற்றக் கோரி வட்டாட்சியரிடம் மனுக் கொடுங்கள். இல்லையென்றால், பாதைக்கு நிலம் எடுத்துத் தருமாறு மாவட்ட ஆட்சியரிடம் கேளுங்கள். இறுதி ஊர்வலத்தை மறிப்பவர்கள் மீது காவல் நிலையத்தில் உடனே புகார் அளிக்கலாம். கண்ணியமான அடக்கம் அரசியல் சட்டத்தின் 21ஆம் பிரிவு தரும் உரிமையில் அடங்கும் என்று 2007இலேயே சென்னை உயர் நீதிமன்றம் கூறியிருக்கிறது. அந்தத் தீர்ப்பை மனுவில் தவறாமல் குறிப்பிடுங்கள்.

அடக்கம் நாளை. இன்று விடுமுறை நாள். நீதிமன்றத்தை அணுக முடியுமா?

முடியும். ஆம்ஸ்ட்ராங் வழக்கு ஞாயிற்றுக்கிழமையில்தான் விசாரிக்கப்பட்டது. பதிவாளரிடம் அவசர மனு என்று குறிப்பிட்டு அனுமதி கேளுங்கள். 'அ' பதிவேட்டு நகலும் புலப்படமும் கையில் இருக்கட்டும்.