‘ஸ்க்ரப் டைஃபஸ்’ என்பது டைஃபாய்டா? நாய் உண்ணியால் வருவதா?

கேள்வி: எங்கள் ஊர் வேலூர் மாவட்டத்தில் குடியாத்தத்துக்கு அருகில் உள்ளது. ஆடுகளுக்குப் புல் அறுக்கச் செல்லும் என் அம்மாவுக்கு வயது 58. விடாத காய்ச்சலும் மூச்சுத்திணறலும் வந்து மருத்துவமனையில் சேர்த்தோம். இப்போது தேறி வீடு திரும்பியிருக்கிறார். டிஸ்சார்ஜ் சம்மரியில் ‘ஸ்க்ரப் டைஃபஸ்’ என்று எழுதியிருக்கிறார்கள். செவிலியர் ‘உண்ணிக் காய்ச்சல்’ என்றார். முதலில் ஊரில் எடுத்த வைடால் பரிசோதனை பாசிட்டிவ் என வந்ததால், உறவினர்கள் டைஃபாய்டு என்றே சொல்லிக் கஞ்சி மட்டும் கொடுக்கச் சொல்கிறார்கள். வீட்டில் உள்ள நாயை அனுப்பிவிட வேண்டுமா? குழந்தைகளுக்குத் தொற்றுமா? இந்தப் பெயருக்கு மருத்துவத்தில் என்னதான் பொருள்?

பதில்: உங்கள் அம்மாவுக்கு வந்தது டைஃபாய்டு அன்று. நாயை அனுப்ப வேண்டியதில்லை. அம்மாவிடமிருந்து குழந்தைகளுக்குத் தொற்றாது. கஞ்சிப் பத்தியமும் தேவையில்லை. பசிக்கேற்ப வழக்கமான உணவையே கொடுங்கள். உங்கள் வீட்டில் எழுந்த குழப்பங்கள் எல்லாமே நோயின் பெயரிலிருந்து பிறந்தவை என்பதால், அதை முதலில் பிரித்துப் பார்ப்போம்.

‘டைஃபஸ்’ என்பதன் வேர், புகை அல்லது மூட்டம் என்று பொருள்படும் கிரேக்கச் சொல். கடும் காய்ச்சலில் நோயாளியின் அறிவு மங்கி, கேட்ட கேள்விக்குப் பதில் சொல்லாமல் பிதற்றும் நிலையை அந்தச் சொல்லால் குறித்தார்கள். ‘டைஃபாய்டு’ என்றால் ‘டைஃபஸ் போன்றது’ என்றுதான் பொருள். இரண்டும் ஒரே நோய் என நெடுங்காலம் மருத்துவர்களே கருதிவந்தனர். 19-ஆம் நூற்றாண்டின் நடுவில் லண்டனில் வில்லியம் ஜென்னர் இரண்டையும் தெளிவாக வேறுபடுத்திக் காட்டினார். டைஃபாய்டு, சால்மொனெல்லா கிருமி கலந்த உணவாலும் நீராலும் குடல் வழியே நுழைவது. டைஃபஸ் வகை நோய்களோ பேன், தெள்ளுப்பூச்சி, சிற்றுண்ணி போன்ற சிற்றுயிர்களின் மூலம் தோல் வழியே வருபவை. ஒலி ஒன்றுபோல் இருக்கிறதே தவிர, கிருமியும் வேறு, வரும் வழியும் வேறு, மருந்தும் பெரும்பாலும் வேறு.

‘ஸ்க்ரப்’ என்பது புதர் மண்டிய நிலத்தைக் குறிக்கிறது. 1920-களில் மலாயாவில் ஆய்வு செய்த வில்லியம் ஃபிளெட்சரும் அவருடன் பணியாற்றியவர்களும், நகரத்துக் கடைகளிலும் கிடங்குகளிலும் புழங்குவோருக்கு வரும் டைஃபஸ் ஒன்று, புதர்க்காடுகளிலும் தோட்டங்களிலும் வேலை செய்வோருக்கு வரும் டைஃபஸ் வேறொன்று என்று பிரித்தனர். அந்த இரண்டாவது வகைக்கு நிலைத்த பெயர்தான் உங்கள் அம்மாவின் சீட்டில் இருப்பது. கிருமியின் பெயர் ‘ஓரியன்ஷியா சுசுகாமுஷி’. இதன் பின்பகுதி ஜப்பானியச் சொல். நோய் தரும் பூச்சி என்று பொருள். 1995 வரை இக்கிருமி ரிக்கெட்சியா என்ற பேரினத்தில் வைக்கப்பட்டிருந்ததால், பழைய நூல்களிலும் சில ஆய்வகச் சீட்டுகளிலும் ‘ரிக்கெட்சியா’ என்றே இன்னும் காணலாம். அதைக் கண்டு வேறொரு நோய் என்று அஞ்ச வேண்டாம்.

இனி ‘உண்ணிக் காய்ச்சல்’. செய்தித்தாள்களிலும் விழிப்புணர்வுப் பலகைகளிலும் வேரூன்றிவிட்ட இச்சொல்லை இனி மாற்ற இயலாது. எளிதில் நினைவில் நிற்கும் என்பதால் நானும் பயன்படுத்துகிறேன். ஆனால் நம் பேச்சில் உண்ணி என்றால் நாயின் காதிலும் மாட்டின் மடியிலும் இரத்தம் குடித்துப் பருத்துத் தொங்குவதைத்தான் நினைப்போம். இந்த நோயைத் தருவது அது அன்று. மண்ணில் வாழும் ஒருவகைச் சிற்றுண்ணியின் இளம்பருவப் புழுவே இதைத் தருகிறது. இந்தியாவில் இதில் முதன்மையானது லெப்டோட்ராம்பிடியம் டெலியென்ஸ் என்ற இனம். ஆறு கால்களும் ஆரஞ்சு கலந்த சிவப்பு நிறமும் கொண்ட அப்புழுவின் நீளம் ஏறத்தாழ 0.2 மில்லிமீட்டர்தான். புல்நுனியில் காத்திருந்து, கடந்துபோகும் எலியின் மீதோ மனிதர் மீதோ ஏறி, தோல் திசுவைக் கரைத்து அந்தச் சாற்றை உறிஞ்சும். கடித்தது பெரும்பாலும் தெரியவே தெரியாது.

இந்தச் சிற்றுயிரின் வாழ்க்கையில் என்னை எப்போதும் வியக்க வைப்பது, அது விலங்குகளிடம் உணவு கொள்வது தன் வாழ்நாளில் ஒரே ஒருமுறை, புழுப்பருவத்தில் மட்டும்தான் என்பதே. வளர்ந்த பின் மண்ணுக்குள் பிற பூச்சிகளின் முட்டைகளைத் தின்று வாழும். ஒருமுறை மட்டுமே கடிப்பது எப்படி நோயைப் பரப்பும் என்று கேட்கலாம். தாய்ச் சிற்றுண்ணியின் முட்டை வழியாகவே கிருமி அடுத்த தலைமுறைக்குச் செல்கிறது. ஆகவே கிருமியைப் பரப்புவதும் அதுவே, தலைமுறை தலைமுறையாகச் சேமித்து வைப்பதும் அதுவே. எலிகள் அதற்கு உணவாகி அதன் கூட்டத்தைப் பெருக்குகின்றன. குறிப்பிட்ட ஒரு வரப்போரத்திலோ ஓடைக்கரையிலோ மட்டும் ஆண்டுதோறும் நோய் தலைகாட்டுவதன் காரணம் இதுதான். நாயை அகற்றுவதால் இது குறையாது. நாய் உண்ணிகள் வேறொரு காய்ச்சலைத் தரக்கூடும் என்பதால் கால்நடை மருத்துவரிடம் சொல்லி உண்ணி மருந்து போடுங்கள், அது தனி. சொறி சிரங்கைத் தரும் சிற்றுண்ணியும் வேறு. சிரங்கு ஒருவரிடமிருந்து ஒருவருக்குத் தொற்றும்; ஸ்க்ரப் டைஃபஸ் அப்படிப் பரவுவதில்லை.

சீட்டில் ‘எஷ்கார்’ என்ற சொல் இருக்கிறதா என்று பாருங்கள். புழு கடித்த இடத்தில் தோன்றும் புண்ணின் பெயர் அது; சிகரெட்டால் சுட்டதுபோல் கருத்த பொருக்கும் சுற்றிலும் சிவந்த வளையமுமாக, வலியும் அரிப்பும் இல்லாமல் இருக்கும். அதனால்தான் நோயாளிக்கே அது தெரிவதில்லை. அக்குள், மார்பகங்களின் அடிமடிப்பு, தொடையிடுக்கு, பாவாடை நாடா இறுக்கும் இடுப்பு, காதின் பின்புறம் ஆகிய இடங்களைத் தேடிப் பார்க்காவிட்டால் மருத்துவருக்கும் தெரியாது. ஈரம் தங்கும் மடிப்புகளில் கரும்பொருக்கு உருவாகாமல் மேலோட்டமான புண்ணாக மட்டுமே இருப்பதும் உண்டு. நம் பெண்கள் இவ்விடங்களைக் காட்டக் கூச்சப்படுவது இயல்பு. ஆகவே வீட்டில் உள்ள இன்னொரு பெண் முதலில் பார்த்துச் சொல்வது நல்லது. எல்லா நோயாளிகளுக்கும் இப்புண் இருக்காது என்றாலும், ஊரறிந்த புதர்ப் பகுதியில் காய்ச்சலோடு இது தென்பட்டால், இரத்தப் பரிசோதனை முடிவுக்குக் காத்திராமலே மருந்து தொடங்கப் போதுமான சான்று அது.

வைடால் குறித்து: டைஃபாய்டு மிகுந்த நம் நாட்டில் பழைய தொற்றாலோ வேறு காய்ச்சலாலோ வைடால் பாசிட்டிவ் என வருவது மிகச் சாதாரணம்; அதை மட்டும் வைத்து டைஃபாய்டு என்று முடிவு கட்டக் கூடாது. ஸ்க்ரப் டைஃபஸுக்கு உரியது, கிருமிக்கு எதிராக உடல் உருவாக்கும் எதிர்ப்பொருளை இரத்தத்தில் தேடும் ஐ.ஜி.எம். எலிசா பரிசோதனை. எதிர்ப்பொருள் உருவாக ஒரு வாரம்போல ஆகும் என்பதால், காய்ச்சலின் தொடக்க நாள்களில் ‘நெகட்டிவ்’ என்று வந்தாலும் நோய் இல்லை என்று ஆகிவிடாது. குணமான பின்பும் பல மாதங்கள் பாசிட்டிவாகவே காட்டக்கூடும். எனவே ‘போய்விட்டதா பார்க்கலாம்’ என்று மறுபடி எடுப்பது வீண்செலவு. இதே நோயைக் கண்டறிய முன்பிருந்தே எடுக்கப்படும் வெயில்-ஃபெலிக்ஸ் என்ற பழைய இரத்தச் சோதனை பல நோயாளிகளைத் தவறவிடும்.

பெயரைக் குழப்பிக்கொள்வது ஏன் ஆபத்து என்றால், டைஃபாய்டுக்காகப் பரவலாகப் போடப்படும் செஃப்ட்ரியாக்சோன் ஊசி இந்தக் கிருமியிடம் வேலை செய்யாது. ஊசி போட்டும் காய்ச்சல் இறங்கவில்லையே என்று காத்திருக்கும் நாள்களில் நுரையீரல், சிறுநீரகம், மூளை ஆகியவை பாதிக்கப்படலாம்; உயிரிழப்பும் நேரலாம். இதற்கு உரிய மருந்து டாக்சிசைக்ளின். பெரியவர்களுக்கு வழக்கமான அளவு 100 மில்லிகிராம், நாளுக்கு இருமுறை, ஏழு நாள். கர்ப்பிணிகளுக்கு அசித்ரோமைசின் தரப்படுகிறது. பெரும்பாலோருக்கு 48 மணி நேரத்துக்குள் காய்ச்சல் விட்டுவிடும். கடுமையான நிலையில் இரண்டையும் சிரைவழி சேர்த்துக் கொடுப்பது தனித்தனியே கொடுப்பதைவிட மேலானது என்று, வேலூர் கிறித்தவ மருத்துவக் கல்லூரி முன்னின்று நடத்திய, பல இந்திய மருத்துவமனைகள் பங்கேற்ற ஆய்வு 2023-இல் காட்டியது. உங்கள் மாவட்டத்திலேயே வேரூன்றிய அறிவு இது என்பதைச் சொல்ல மகிழ்கிறேன்.

அம்மாவுக்கு மாத்திரை மீதி இருந்தால், காய்ச்சல் விட்டது என்று நிறுத்தாமல் மருத்துவர் சொன்ன நாள்வரை கொடுங்கள். ஒரு டம்ளர் தண்ணீருடன் உட்கார்ந்து விழுங்கி, உடனே படுக்காமல் இருக்க வேண்டும்; இல்லாவிட்டால் உணவுக்குழாயில் புண் வரலாம். இரும்புச்சத்து மாத்திரையையும் அமில முறிவு மருந்தையும் அதே நேரத்தில் கொடுக்காதீர்கள்.

இதற்குத் தடுப்பூசி இல்லை. ஒருமுறை வந்துவிட்டதால் இனி வராது என்றும் சொல்ல முடியாது. வேலூர்ப் பகுதியில் மழை தொடங்கியது முதல் குளிர் மாதங்கள் முடியும்வரை இது மிகுதியாகக் காணப்படுகிறது. அந்நாள்களில் புல் அறுக்கப் போகும்போது முழுக்கைச் சட்டையும் காலை மூடும் உடையும் அணியட்டும். புல்தரையில் நேராக உட்காரவோ துணியைக் காயப்போடவோ வேண்டாம். வீடு திரும்பியதும் சோப்புப் போட்டுத் தேய்த்துக் குளித்து, உடுத்திய துணியைத் துவைத்துவிடட்டும். வீட்டைச் சுற்றியுள்ள புதரையும், எலி தங்கும் விறகுக் குவியலையும் அகற்றுங்கள்.

மருத்துவ ஆவணங்களில் ‘உண்ணிக் காய்ச்சல்’ என்றோ வெறும் ‘டைஃபஸ்’ என்றோ எழுதாமல் ‘ஸ்க்ரப் டைஃபஸ்’ என்ற முழுப்பெயரே இருக்க வேண்டும். காப்பீட்டுப் படிவம் நிரப்பும்போது கவனியுங்கள்: நோய்களுக்கான பன்னாட்டுக் குறியீட்டுப் பட்டியலான ஐ.சி.டி.-10-இல் இதன் குறியீடு ஏ75.3, டைஃபாய்டின் குறியீடு ஏ01.0. தவறாகப் பதிவாகியிருந்தால் மருத்துவமனையிலேயே திருத்தி வாங்கிக்கொள்ளுங்கள். புதர்ப்பக்கம் சென்றுவந்த மூன்று வாரத்துக்குள் வீட்டில் யாருக்குக் காய்ச்சல் வந்தாலும், சென்ற இடத்தையும் அம்மாவுக்கு வந்த நோயின் முழுப்பெயரையும் மருத்துவரிடம் முதலிலேயே சொல்லிவிடுங்கள்.