குண்டு வேறு, தீ வேறு

கேள்வி: இரண்டாம் உலகப் போரில் சிங்கப்பூரில் ஜப்பான் விமானங்கள் குண்டு வீசி எரித்த அமெரிக்கத் துருப்புக் கப்பல் 'வேக்ஃபீல்டு' எங்கே மூழ்கிக் கிடக்கிறது?
– ஒரு வாசகர், நாகப்பட்டினம்

பதில்: எங்கேயும் இல்லை. அது மூழ்கவே இல்லை. குண்டு விழுந்தது 1942 ஜனவரி 30, சிங்கப்பூர் கெப்பல் துறைமுகத்தில். கப்பல் எரிந்தது செப்டம்பர் 3 மாலை, அட்லாண்டிக்கில், எதிரி கை வைக்காமலே. ஏழு மாத இடைவெளியை ஒரே வரியில் தாண்டிவிட்டீர்கள்.

'மன்ஹாட்டன்' என்ற பயணிகள் கப்பல் இது. 1936 பெர்லின் ஒலிம்பிக்குக்கு அமெரிக்க அணியை ஏற்றிப் போனது. 1941 ஜூனில் கடற்படை எடுத்துக்கொண்டு பெயரை மாற்றியது. அதே ஆண்டு நவம்பர் 10 அன்று, கனடாவின் ஹாலிஃபாக்ஸிலிருந்து இது உட்பட ஆறு அமெரிக்கக் கப்பல்கள் 20,000-க்கும் மேற்பட்ட பிரிட்டிஷ் துருப்புகளோடு கிளம்பின. அப்போது அமெரிக்கா போரிலேயே இல்லை! கேட்டிருந்தால் அதையல்லவா கேட்டிருக்க வேண்டும்? டிசம்பர் 9-ல் கேப் டவுனைத் தொடுவதற்குள் பேர்ல் ஹார்பரை ஜப்பான் தாக்கி, அமெரிக்காவும் போரில் இறங்கிவிட, அந்தச் சங்கடம் தானாகத் தீர்ந்தது.

பம்பாய் வழியாக ஜனவரி 29-ல் சிங்கப்பூர். மறுநாள் விழுந்த குண்டு 'பி' தளத்தைத் துளைத்து, 'சி' தளத்து மருத்துவப் பகுதியில் வெடித்தது. ஐவர் பலி, ஒன்பது பேருக்குக் காயம். கப்பலின் மருத்துவப் பிரிவே அடிபட்டதால், பக்கத்தில் நின்ற 'வெஸ்ட் பாயின்ட்' கப்பல் தன் மருத்துவர்களை அனுப்பியது. ஆனாலும் சுமார் 400 பிரிட்டிஷ் பெண்களையும் குழந்தைகளையும் ஏற்றிக்கொண்டு கொழும்பு வந்தது. பழுதுபார்க்கத் துறைமுக அதிகாரிகள் ஒத்துழைக்காததால், ஆட்களை இறக்கிவிட்டுப் பம்பாய்க்குப் போய்த் தற்காலிகமாக ஒட்டுப்போட்டுக்கொண்டது.

இனி தீ. ஸ்காட்லாந்தின் கிளைடிலிருந்து நியூயார்க் திரும்பும்போது கப்பலின் அடிப்பகுதியில் பற்றியது. பீரங்கிகளருகே தயாராக இருந்த வெடிபொருளைக் கடலில் தள்ளினார்கள். கூட வந்த போர்க்கப்பல்களான 'புரூக்லின்' குரூசரும் 'மேயோ' நாசகாரியும் காற்று வரும் பக்கமாக நெருங்கி ஆட்களைத் தம்மில் ஏற்றிக்கொண்டன. பயணிகளும் மாலுமிகளுமாகச் சுமார் 1,500 பேர், அனைவரும் பிழைத்தார்கள். இழுத்துவரப்பட்ட கப்பலை செப்டம்பர் 8-ல் ஹாலிஃபாக்ஸ் அருகே மெக்னாப்ஸ் குடாவில் தரைதட்ட நிறுத்தினார்கள். தீ முழுதாக அடங்க மேலும் நான்கு நாள். எஃகுச் சுவர் தழலைத் தடுக்கும், சூட்டைத் தடுக்காது. சுவர் பழுக்கக் காய்ந்தால் மறுபக்கத்துப் பெயின்டும் மரமும் தாமே பற்றிக்கொள்ளும்.

எரியும் கப்பலுக்குத் தண்ணீரும் எமன்தான். ஒரு கன மீட்டர் தண்ணீர் ஒரு டன். மேல் தளங்களில் தேங்கினால் கப்பலின் எடைமையம் மேலே ஏறும். கப்பல் லேசாகச் சாய்ந்தாலும் நீர் அந்தப் பக்கமே ஓடி இன்னும் சாய்க்கும். அந்த ஆண்டு பிப்ரவரியில் நியூயார்க்கில் பிரெஞ்சுக் கப்பல் 'நார்மண்டி' கவிழ்ந்தது இப்படித்தான். வெல்டிங் பொறி தீவைத்தது, அணைக்க அடித்த தண்ணீர் கவிழ்த்தது. வேக்ஃபீல்டு தீயிலிருந்து தப்பி ஹாலிஃபாக்ஸில் நின்றபோது கொட்டிய மழையே அதைச் சாய்க்கப் பார்த்தது! மீட்புக் குழுவினர் நீர்மட்டத்துக்கு மேலே பக்கவாட்டு எஃகில் ஓட்டை போட்டு நீரை வெளியேற்றினார்கள். கப்பல் நிமிர்ந்தது. கப்பலைக் காப்பாற்றக் கப்பலையே துளைப்பது பார்ப்பவனுக்குப் பைத்தியக்காரத்தனம். ஓட்டை எந்த உயரத்தில் என்பதில்தான் விஷயம்.

கணக்குப்படி முழு நஷ்டம் என்று எழுதப்பட்ட கப்பலை அரசே வாங்கி, பாஸ்டனில் திருப்பிக் கட்டியது. 1944 பிப்ரவரி 10-ல் மறுபடி பணி. அதன்பின் அட்லாண்டிக்கில் 23 முறை போய்வந்து, 1,10,563 துருப்புகளை ஐரோப்பாவுக்குக் கொண்டுசேர்த்தது. 1,06,674 பேரைத் திருப்பி அழைத்துவந்தது. பாஸ்டனுக்கும் லிவர்பூலுக்கும் ஓயாமல் ஓடியதால் சிப்பாய்கள் அதைப் படகுச் சர்வீஸ் என்றே கேலி செய்தார்கள். 1946 ஜூன் 15-ல் ஓய்வு. பிறகு ஹட்சன் ஆற்றில் சும்மா நின்றது. 1960-களின் நடுவில் பழைய இரும்பாக உடைத்தார்கள்.