வாசகர் கேள்வி-பதில்: புக்கிட் ஜாலில் டென்னிஸ் எங்கே போனது?

கேள்வி: ஐயா, கோலாலம்பூரில் வருடா வருடம் ஆண்கள் டென்னிஸ் போட்டி ஒன்று நடக்குமே, அது ஏன் நின்றது? கூட்டம் வராமல் மூடிவிட்டார்கள் என்று இங்கே ஒட்டுக்கடையில் பேச்சு. எந்த வருடம் நின்றது என்பதிலும் சண்டை, நான் 2017 என்கிறேன்.
- ஒரு வாசகர், சுங்கை சிப்புட்

பதில்: நீங்கள் சொல்லும் 2017 பெண்கள் போட்டியின் கணக்கு, ஐயா. அது திறந்தவெளியில் நடந்தது. அதன் கடைசி வருடமான 2017-இல் ஜெயித்தது ஆஸ்திரேலியாவின் ஆஷ்லி பார்ட்டி, பெண்கள் டென்னிஸ் சங்கமான டபிள்யூடிஏவின் போட்டிகளில் அவருடைய முதல் ஒற்றையர் பட்டம் அது. ஆண்கள் போட்டியான மலேசிய ஓப்பன் 2009-இல் ஆரம்பித்து 2015-இல் முடிந்துவிட்டது. செப்டம்பர் கடைசியில் புக்கிட் ஜாலில் புத்ரா உள்ளரங்கத்தில் ஏழே முறை நடந்தது. ஆரம்பத்தில் பெயருக்கு முன்னால் புரோட்டோன் என்று கார் கம்பெனி பெயர்கூட ஒட்டியிருக்கும்.

சரி, ஏன் நின்றது? கூட்டத்தை மட்டும் குறை சொல்லிப் பயனில்லை. ஏடிபி என்கிற ஆண்கள் டென்னிஸ் சங்கத்தின் போட்டி என்பது ஊரின் சொத்து கிடையாது, ஆட்ட அட்டவணையில் ஒரு வாரத்துக்கான உரிமம், அவ்வளவுதான். பசார் மாலாம் லாட் (இரவுச் சந்தைக் கடை இடம்) மாதிரி, உரிமம் வைத்திருப்பவர் விற்கலாம், வேறு ஊருக்குக் கொண்டு போகலாம். கோலாலம்பூர் வைத்திருந்த வாரம் 2016-இல் சீனாவின் செங்டுவுக்குப் போய்விட்டது. நம் கதை மட்டும் இப்படி இல்லை. பாங்காக்கிலும் ஓர் உள்ளரங்கப் போட்டி 2003 முதல் 2013 வரை நடந்தது, கடைசி சில வருடங்கள் நம்முடையதும் அதுவும் ஒரே வாரத்தில். அது 2014-இல் ஷென்ஜென்னுக்குப் போனது. அடுத்த இரண்டு வாரங்களில் பெய்ஜிங்கும் ஷாங்காயும் காத்திருக்க, பக்கத்திலேயே இன்னொரு சீன நகரம் பணத்தோடு நின்றால் உரிமம் எந்தப் பக்கம் சாயும் என்று நான் சொல்ல வேண்டியதில்லை.

கேள்வி: எங்கள் தோட்டத்தில் துரை கிளப் டென்னிஸ் கோர்ட் வெயிலில்தான் இருந்தது, தாத்தா அங்கே பந்து பொறுக்கியிருக்கிறார். கோலாலம்பூரில் மட்டும் ஏன் அரங்கத்துக்குள்?
- கல்லூரி மாணவி, சுங்கை சிப்புட்

பதில்: மழைதான், தங்கச்சி. அந்தச் செப்டம்பர் மாதத்தில் மத்தியானம் நாலு மணிக்கு இடி இடித்துக் கொட்ட ஆரம்பித்தால் துரை ராக்கெட்டை எடுத்துக்கொண்டு கிளம்பிவிடலாம், டிவிக்காரனும் டிக்கெட் வாங்கியவனும் என்ன செய்வார்கள்? கூரைக்குள் காற்றும் இல்லை, கண்ணில் அடிக்கும் வெயிலும் இல்லை, பந்து போட்ட இடத்துக்கே போகும்.

தாத்தாவிடம் இதையும் கேட்டுப் பாருங்கள், அவருக்குத் தெரிந்திருக்கும்: புக்கிட் ஜாலிலே ஒரு காலத்தில் ரப்பர் தோட்டம்தான். 1998 காமன்வெல்த் விளையாட்டுக்காக அங்கே அரங்கங்கள் எழும்பின. தோட்டத்தில் மிஞ்சிய நம் சனங்கள் வீட்டுக்காகப் பல வருடம் போராட வேண்டியிருந்தது. டென்னிஸ் பக்கத்தில் இதை எழுதுவானேன் என்று சிலர் கேட்பார்கள், கேட்கட்டும். டென்னிஸ் நடந்த புத்ரா அரங்கத்துக்குப் பிறகு சில வருடங்கள் ஆக்சியாட்டா அரீனா என்று பெயர் இருந்தது.

கேள்வி: அண்ணே, பெரிய ஆட்டக்காரர்கள் யாரும் வராத சின்னப் போட்டிதானே அது?
- ஒரு தம்பி, சுங்கை சிப்புட்

பதில்: ஜெயித்தவருக்கு 250 தரவரிசைப் புள்ளி கிடைக்கும் போட்டிதான், ஏடிபி சுற்றில் கடைசிப் படி. ஆனால் 'யாரும்' என்றால் ஒப்புக்கொள்ள மாட்டேன், தம்பி. முதல் வருடம் இறுதியில் வெர்டாஸ்கோவை வீழ்த்திய டேவிடென்கோ அதே வருடம் ஷாங்காய் மாஸ்டர்ஸையும், லண்டனில் நடந்த ஆண்டிறுதிப் போட்டியையும் வாங்கினார். நிஷிகோரி 2014-இல் அமெரிக்க ஓப்பன் இறுதியில் தோற்ற அதே மாதம் இங்கே வந்து ஜெயித்துவிட்டு, அடுத்த வாரம் டோக்கியோவிலும் ஜெயித்தார். யூஸ்னி, திப்சாரெவிச், மொனாகோ, கடைசியில் பெரர் என்று இவர்களும் இங்கே ஜெயித்தவர்கள்தான். திப்சாரெவிச்சுக்கு 2011-இல் இதுதான் முதல் பட்டம்.

ஆனால் இந்தப் போட்டி என்றாலே எனக்கு ஞாபகம் வருவது ஜெயிக்காத ஒருத்தர்: பிரான்சின் ஜூலியன் பெனடோ. 2012, 2013, 2014, மூன்று வருடமும் தொடர்ந்து இறுதிக்கு வந்தார், மூன்றிலும் தோற்றார். அதிலும் அந்த 2013 ஆட்டம்! எதிரே போர்ச்சுகலின் ஜோவோ சூசா, கால் இறுதியில் பெரரையே அனுப்பிவிட்டு வந்த பையன். முதல் செட் 6-2 பெனடோவுக்கு, இரண்டாவதில் பட்டத்துக்கு ஒரே ஒரு புள்ளி பாக்கி. கைக்கு எட்டியது வாய்க்கு எட்டவில்லை. சூசா அந்தப் புள்ளியைத் தப்பித்து 7-5, 6-4 என்று முடித்தார், ஏடிபி ஒற்றையர் பட்டம் வாங்கிய முதல் போர்ச்சுகீசியர் ஆனார். பெனடோ தன் ஆட்ட வாழ்க்கையில் பத்து ஒற்றையர் இறுதிகள் ஆடினார், பத்திலும் தோல்வி. இரட்டையரில் 2014 பிரெஞ்சு ஓப்பன் வாங்கியவர் என்பதையும் சேர்த்துச் சொல்ல வேண்டும், இல்லையென்றால் மனுஷனுக்கு நாம் அநியாயம் செய்தவர்கள் ஆவோம்.

கேள்வி: மறுபடியும் வருமா?
- அதே ஒட்டுக்கடையிலிருந்து இன்னொருவர்

பதில்: கஷ்டம்தான். மேல்படியில் இருக்கும் மாஸ்டர்ஸ் போட்டிகளை 12 நாளாக நீட்டிக்கொண்டு, 250 புள்ளிப் போட்டிகளை ஏடிபி குறைத்துக்கொண்டு வருகிறது. யாராவது ஏற்கெனவே இருக்கும் ஓர் உரிமத்தைக் காசு கொடுத்து வாங்கி வந்தால்தான் உண்டு. ஆனால் ஹாங்காங்கில் 2002-க்குப் பிறகு காணாமல் போன ஆண்கள் போட்டி 2024 ஜனவரியில் திரும்பி வந்தது, அதனால் வராது என்றும் அடித்துச் சொல்ல மாட்டேன்.