ஆழ்கடல் பூனைச் சுறா: கேளுங்க, தெரிஞ்சத சொல்றேன்

கொல்லம், தூத்துக்குடி பக்கம் ஆழ்கடல் இறாலுக்குப் போற போட்டுல சங்காயத்தோட (விலை போகாத கழிவு மீனோட) ஏறி வர்ற சின்ன பூனைச் சுறா, பித்தேலுரஸ் ஹிஸ்பிடஸ், இன்னைக்கு பேச்சு அதப் பத்திதான். சமையல், லைசென்ஸ், மானியம் எல்லாம் வேற ஆள்கிட்ட கேட்டுக்கோங்க.

கே: அண்ணே, விசைப்படகு வச்சிருக்கேன். வலை மடியில ஒரு அடி நீளத்துல பழுப்பா சுறா வருது, குட்டின்னு நெனச்சு கடல்லயே தள்ளிடுறோம். எதோட குட்டி அது?

ப: பெரும்பாலும் குட்டியே இல்லண்ணே. வயசுக்கு வந்த ஹிஸ்பிடஸே ஸ்கூல் பசங்க ஸ்கேல் அளவுக்குதான் இருக்கும். கடா சுறாவான்னு, அதாவது ஆணான்னு பாக்க வயித்துத் துடுப்புப் பக்கத்துல ரெண்டு குச்சி மாதிரி நீட்டிட்டு இருக்கான்னு பாருங்க, அது நீளமா விறைப்பா இருந்தா வளர்ந்த கடா. முதுகுத் துடுப்பு ரெண்டும் நல்லா பின்னாடி தள்ளி, வயித்துத் துடுப்புக்கு மேல இருந்துதான் ஆரம்பிக்கும். இருநூறு முன்னூறு மீட்டர் ஆழத்துல தரையோட தரையா கிடந்து சின்ன மீன், இறால், கணவா தின்னுட்டு வாழுது.

கே: சார் இந்த போட்டோல இருக்கறது அதானா?

ப: ஒத்த போட்டோவ வச்சு பேர் சொல்ல மாட்டேன். பக்கவாட்டு, மேல, அடிப்பக்கம் மூணும் வேணும், பக்கத்துல ஸ்கேல் வைங்க. உங்க படத்துல வாய் கண்ணுக்கு முன்னாடியே முடிஞ்சிருது, மூக்குல மீசை மாதிரி தொங்குது, அப்ப அது பூனைச் சுறாவே இல்ல, கரையோரத்து மூங்கில் சுறா வகை. பூனைச் சுறாவுக்கு வாய் கண்ணுக்குக் கீழ வரைக்கும் போகும்.

கே: வீட்டு டேங்க்ல வளக்கலாமா?

ப: கூடாது. அது இருக்கற தண்ணி பத்துப் பன்னெண்டு டிகிரி, நல்ல இருட்டு.

கே: அவ்ளோ ஆழத்துல இருந்து வந்தா வயிறு வெடிக்காதா?

ப: நல்ல கேள்வி. வெடிக்கிறது காத்துப்பை இருக்கற மீனுக்கு. சுறாவுக்கு காத்துப்பையே கிடையாது, ஈரல்ல இருக்கற எண்ணெய்தான் மிதக்க உதவுது. ஆனா மணிக்கணக்கா இழுத்த மடியில மத்த மீன் எடையில நசுங்கி, மேல சூடான தண்ணிக்கு வந்ததும் செத்துடும். அதனால திருப்பி விட்டாலும் பிழைக்கிறது கஷ்டம்.

கே: புட்டு செய்யலாமா சார்?

ப: பால்சுறா வாங்குங்க.

கே: பூனைச் சுறா முட்டை போடும்னுதான் புக்ல இருக்கு, நீங்க போன வாரம் குட்டி போடும்னு சொன்னீங்க. தப்பா சொல்லாதீங்க சார்.

ப: புக்ல இருக்கறதும் சரி, நான் சொன்னதும் சரி. பூனைச் சுறாக்கள்ல பெரும்பாலானது தோல் பை மாதிரி கூட்டுக்குள்ள முட்டை வச்சு கடல் தரையில விட்டுடும். ஆனா ஹிஸ்பிடஸ் முட்டைய வெளிய விடாம உள்ளயே வச்சுக்கும், குட்டி மஞ்சக்கருவத் தின்னே வளந்து உயிரோட வெளிய வரும், நம்மள மாதிரி தொப்புள்கொடி எல்லாம் இல்ல. ஒரு ஈத்துக்கு ரெண்டே குட்டி.

கே: நான் கொல்லத்துல முட்டைக் கூடே பாத்திருக்கேன் சார், அதே மடியில அதே சுறாவோட வந்துச்சு.

ப: ஒரே மடியில வந்தா ஒரே இனம்னு ஆகுமா தம்பி? மடி பல கிலோமீட்டர் இழுத்துட்டு வருது. கூட்டோட மூலையப் பாருங்க. சுருண்ட கொடி மாதிரி இருந்தா வேற பூனைச் சுறாவுது, கொல்லத்துலயே சைலஸி இருக்கு, 1974ல தல்வார்ங்கற ஆராய்ச்சியாளர் பேர் வச்ச வீங்கு சுறா, அது முட்டை போடுற கூட்டம். மூலையில விறைப்பா கொம்பு மாதிரி இருந்தா திருக்கை சாடையில இருக்கற ஸ்கேட் மீனோடது. ஹிஸ்பிடஸ்தான் முட்டை போட்டுச்சுன்னு சொல்லணும்னா பெண் சுறா வயித்த அறுத்துக் காட்டணும்.

கே: முட்டையோ குட்டியோ, அதுல என்ன சார் இருக்கு?

ப: எல்லாமே அதுலதான் இருக்கு! ஒரு ஈத்துக்கு ரெண்டு குட்டிதான்னா மடியில போற ஒவ்வொரு சினை சுறாவுக்கும் ஈடு கட்ட ரொம்ப நாளாகும். இறாலுக்கு விலை இருக்கற வரைக்கும் போட்டு ஆழத்துக்குப் போகத்தான் போகுது, இதுக்கு விலையே இல்லாததால எவ்ளோ சாகுதுன்னு எந்த ஏலத்துலயும் பதிவாகாது. விலை இல்லாத மீன்தான் யாருக்கும் தெரியாம காணாமப் போகும், இத நான் எத்தன தடவ வேணா சொல்லுவேன்.

கே: யார் முதல்ல கண்டுபிடிச்சது?

ப: 1891ல ஆல்காக், இன்வெஸ்டிகேட்டர்ங்கற சர்வே கப்பல்ல டாக்டரா இருந்தவர், அந்தமான் கடல்ல கிடைச்சத வச்சு எழுதுனாரு. அந்தமான்ல இதவிட அபூர்வமா இன்னொரு பூனைச் சுறா இருக்கு, அப்ரிஸ்டூரஸ் இன்வெஸ்டிகேடோரிஸ், ஆயிரம் மீட்டர் ஆழத்துல கிடைச்சது, 1962ல மிஸ்ரா எழுதுனது.

கே: சார் புட்டு...

ப: மேல சொல்லிட்டேன்.

கே: அடுத்த தடவ கிடைச்சா என்ன பண்ணட்டும்?

ப: இடம், ஆழம், தேதி எழுதி வைங்க, மூணு பக்கமும் படம் எடுங்க. சின்னதா ஒரு துண்டு சதை வெட்டி ஆல்கஹால்ல போடுங்க. பார்மலின்ல முதல்லயே முக்கிடாதீங்க, டிஎன்ஏ கெட்டுடும். ஐஸ்ல வச்சு கொச்சி, மண்டபம், தூத்துக்குடி, எது பக்கமோ அங்க இருக்கற மத்திய கடல் மீன்வள ஆராய்ச்சி நிலையத்துல குடுங்க. சினையா இருந்தா வயித்த நீங்க அறுக்காதீங்க, அப்படியே குடுங்க.