40 லட்சம் கடன் வாங்கினால் மொத்தம் எவ்வளவு கட்டுவோம்? வீட்டுக்கடன் கேள்வி-பதில்

கேள்வி (திருச்சி): 55 லட்சத்துக்கு ஒரு பழைய தனி வீடு பேசி முடித்திருக்கிறோம். 40 லட்சம் கடன், 8.5% வட்டி. 20 வருடம் என்றால் மாதத் தவணை 34,713 ரூபாய், 30 வருடம் என்றால் 30,757 ரூபாய் என்று வங்கியில் எழுதிக் கொடுத்தார்கள். மாதம் கிட்டத்தட்ட நாலாயிரம் மிச்சமாகிறதே, 30 வருடமே எடுத்துக்கொள்ளலாமா?

பதில்: கையெழுத்துப் போடுவதற்கு முன் முதல் மாதத் தவணையை மட்டும் பிரித்துப் பாருங்கள். 40 லட்சத்துக்கு 8.5% வீதம் ஒரு மாத வட்டி 28,333 ரூபாய். எத்தனை வருடக் கடனாக இருந்தாலும் முதல் மாதம் இந்த வட்டி மாறாது. 20 வருடக் கடனில் 34,713 கட்டும்போது 6,380 ரூபாய் அசலில் கழிகிறது. 30 வருடக் கடனில் 30,757 கட்டும்போது அசலில் கழிவது 2,424 ரூபாய்தான். அதாவது நீங்கள் மிச்சம் என்று நினைக்கும் நாலாயிரம் முழுவதும் அசலுக்குப் போக வேண்டிய பணம். வங்கிக்குப் போகும் வட்டியில் முதல் மாதம் ஒரு ரூபாய்கூடக் குறையவில்லை.

முடிவில் இது எங்கே கொண்டுபோய் விடுகிறது? 20 வருடத்தில் மொத்தம் கட்டுவது 83.31 லட்சம், அதில் வட்டி 43.31 லட்சம். 30 வருடத்தில் கட்டுவது 1 கோடியே 10.72 லட்சம், அதில் வட்டி 70.72 லட்சம். மாதம் நாலாயிரம் குறைவதற்காக 27 லட்சத்துக்கு மேல் கூடுதல் வட்டி. 5 வருடம் ஒழுங்காகக் கட்டிய பிறகு பாக்கியைக் கேட்டால் 20 வருடக் கடனில் 35.25 லட்சம் என்பார்கள். 30 வருடக் கடனில் 38.20 லட்சம் என்பார்கள். அந்த 5 வருடத்தில் 18.45 லட்சம் கட்டியிருப்பீர்கள், கடன் 1.80 லட்சம்தான் இறங்கியிருக்கும்.

எங்கள் யோசனை: 20 வருடமே போடுங்கள். சம்பளம் ஏற ஏறத் தவணையையும் வருடத்துக்கு 5% ஏற்றிக்கொண்டே போங்கள். இரண்டாம் வருடம் 36,449, மூன்றாம் வருடம் 38,271 என்று போகும். வட்டி இதே அளவில் இருந்தால் 12 வருடம் 3 மாதத்தில் கடன் முடிந்துவிடும், மொத்த வட்டி சுமார் 27.7 லட்சத்தோடு நிற்கும். தவணையை ஏற்ற வங்கியில் எழுதிக் கொடுக்க வேண்டும். முடியாது என்றால் அந்தக் கூடுதல் தொகையை மாதாமாதம் பார்ட் பேமெண்டாக, அதாவது நேராக அசலில் கழியும் பணமாக, கட்டலாம். 34,713 ரூபாயே கைக்கு வரும் சம்பளத்தில் 40 சதவீதத்தைத் தாண்டுகிறது என்றால், வருடத்தை நீட்டாதீர்கள். வீட்டின் விலையை இறக்குங்கள், அல்லது ஒரு வருடம் பொறுத்து முன்பணத்தைக் கூட்டுங்கள்.

இன்னொன்று. கையில் 15 லட்சம் இருக்கிறது, மீதி 40 லட்சம் கடன், கணக்கு சரியாகிவிட்டது என்று நினைத்துவிடாதீர்கள். 55 லட்சத்துக்கே பத்திரம் என்றால் தமிழ்நாட்டில் முத்திரைத் தீர்வை 7%, பதிவுக் கட்டணம் 2%, ஆக 4,95,000 ரூபாய். இந்த விலை வீட்டுக்கு வங்கிகள் இதை வீட்டின் விலையில் சேர்த்துக் கடன் தருவதில்லை. அதற்கு மேல் வங்கியிடம் பத்திரத்தை அடமானம் வைக்கும் எம்.ஓ.டி. ஆவணத்துக்குக் கடன் தொகையில் 0.5% முத்திரைத் தீர்வை, உங்கள் கடனுக்கு 20,000 ரூபாய், தனியாகப் பதிவுக் கட்டணம். பிறகு புராசஸிங் ஃபீஸ், வக்கீலின் லீகல் ஒப்பீனியன், மதிப்பீட்டாளர் கட்டணம். கடைசி வாரத்தில் இந்த ஐந்தாறு லட்சத்துக்குத்தான் பலர் நகையை வைக்கிறார்கள், பர்சனல் லோன் எடுக்கிறார்கள். அந்த வட்டியும் வீட்டின் விலைதான். அதை இப்போதே தனியாக எடுத்து வையுங்கள்.

கேள்வி (மதுரை): 2021 கடைசியில் 30 லட்சம் கடன் வாங்கினேன். வட்டி 6.75%, தவணை 22,811, மொத்தம் 240 தவணை. நான்கு வருடம் ஒரு மாதம்கூடத் தவறாமல் கட்டினேன். இப்போது செயலியில் 302 தவணை பாக்கி என்று காட்டுகிறது. வங்கியின் தவறா?

பதில்: கணக்குத் தவறு இல்லை. ஆனால் உங்களிடம் சொல்லாமலேயே இது நடந்திருக்கிறது என்றால் அது பெரிய அநியாயம்.

உங்கள் கடன் ரெப்போவோடு, அதாவது ரிசர்வ் வங்கி மற்ற வங்கிகளுக்குக் கடன் தரும் வட்டி விகிதத்தோடு, இணைந்த மிதக்கும் வட்டிக் கடன். அது ஏறினால் உங்கள் வட்டியும் ஏறும், இறங்கினால் இறங்கும். 2022 மே முதல் 2023 பிப்ரவரிக்குள் ரிசர்வ் வங்கி ரெப்போவை 4 சதவீதத்திலிருந்து 6.5 சதவீதத்துக்கு ஏற்றியது. உங்கள் வட்டி 9.25 சதவீதத்துக்குப் போயிருக்கும். அப்போது பாக்கி 29.2 லட்சம் என்று வைத்துக்கொண்டால் ஒரு மாத வட்டி மட்டும் 22,508 ரூபாய். நீங்கள் கட்டியது 22,811. அசலில் கழிந்தது 303 ரூபாய். அதே நிலை நீடித்திருந்தால் கடன் முடிய 46 வருடத்துக்கு மேல் ஆகியிருக்கும். தவணைத் தொகை மாறாததால் வீட்டில் யாரும் கவனிப்பதில்லை, தவணையின் எண்ணிக்கை மட்டும் ஓசையில்லாமல் ஏறிக்கொண்டே போகிறது.

2025 பிப்ரவரியிலிருந்து ஜூனுக்குள் ரெப்போ 6.5 சதவீதத்திலிருந்து 5.5 சதவீதத்துக்கு இறங்கியது. இப்போது உங்கள் வட்டி 8.25%, பாக்கி 29 லட்சம் என்று வைத்தால் 302 தவணை என்பது சரியாக வருகிறது. முதலில் பேசிய தேதியிலேயே, அதாவது இன்னும் 192 மாதத்தில் முடிக்க வேண்டும் என்றால் தவணையை 27,250 ரூபாயாக ஏற்ற வேண்டும். மாதம் சுமார் 4,440 கூடுதல். இப்படியே விட்டால் இனி கட்டப்போவது ஏறக்குறைய 69 லட்சம், ஏற்றினால் 52.3 லட்சம்.

வட்டி ஏறும்போது தவணையை ஏற்றுவதா, காலத்தை நீட்டுவதா, இரண்டையும் கொஞ்சம் கொஞ்சமா, ஒரு பகுதியை மொத்தமாகக் கட்டுவதா என்று தேர்வு செய்யும் உரிமையைக் கடன் வாங்கியவருக்குத் தர வேண்டும் என்று ரிசர்வ் வங்கி 2023 ஆகஸ்ட் 18 சுற்றறிக்கையில் சொல்லியிருக்கிறது. வசூலான அசல் எவ்வளவு, வட்டி எவ்வளவு, மிச்சம் எத்தனை தவணை என்று காலாண்டுக்கு ஒரு முறை அறிக்கை தரவும் சொல்லியிருக்கிறது. கிளை மேலாளருக்கு ஒரு பக்கக் கடிதம் கொடுங்கள். கடன் எண், பாக்கித் தொகை, "மீதித் தவணையை 192 ஆக மாற்றி அதற்கேற்ப இ.எம்.ஐ.யை ஏற்றவும்" என்ற ஒரே கோரிக்கை போதும். நகலில் முத்திரையும் தேதியும் வாங்கிக்கொள்ளுங்கள். தவணை வங்கிக் கணக்கிலிருந்து தானாகப் போகிறது என்றால் அந்த அனுமதியின் உச்சத் தொகையையும் மாற்ற வேண்டும், இல்லாவிட்டால் ஏற்றிய முதல் மாதமே தவணை திரும்பி அபராதம் விழும்.

வீட்டுவசதி நிதி நிறுவனங்களில் கடன் வாங்கியவர்களுக்கு ஒரு எச்சரிக்கை. 2019 அக்டோபர் 1-க்குப் பிறகு வங்கிகள் தரும் புதிய மிதக்கும் வட்டிக் கடன்கள் வெளி அளவுகோலோடு இணைய வேண்டும், அது ரெப்போவாகவே பெரும்பாலும் இருக்கிறது. இந்தக் கட்டாயம் நிதி நிறுவனங்களுக்கு இல்லை. அவர்களுக்குச் சொந்த அளவுகோல் உண்டு. அதனால் ரெப்போ இறங்கிய செய்தி பேப்பரில் வந்தாலும் உங்கள் வட்டி அசையாமல் இருக்கலாம். புதிதாக வருபவருக்கு இன்று என்ன வட்டி என்று விசாரியுங்கள். அரை சதவீதத்துக்கு மேல் வித்தியாசம் இருந்தால் மாற்றுக் கட்டணம் கட்டி அந்த விகிதத்துக்கு மாறக் கேளுங்கள். மறுத்தால் வேறு வங்கிக்கு மாற்றலாம். ஆனால் அங்கே புராசஸிங் ஃபீஸ், லீகல், எம்.ஓ.டி. எல்லாம் மறுபடியும் ஆகும். அதைக் கழித்த பிறகும் லாபம் இருக்கிறதா என்று பார்த்துவிட்டு மாறுங்கள்.

கேள்வி (கோவை): கடனோடு 1.2 லட்சத்துக்கு ஒரு இன்சூரன்ஸ் சேர்த்திருக்கிறார்கள். கட்டாயம் என்கிறார்கள். "கையிலிருந்து கட்ட வேண்டாம், கடனிலேயே சேர்ந்துவிடும்" என்றார்கள்.

பதில்: சட்டப்படி கட்டாயம் இல்லை. கடனில் சேர்வதுதான் இதில் உள்ள செலவே. 1.2 லட்சம் 8.5 சதவீதத்தில் 20 வருடத்துக்கு மாதம் 1,041 ரூபாய், முடிவில் 2.5 லட்சம். கடன் வாங்குபவருக்கு ஆயுள் காப்பீடு வேண்டும் என்பதில் எங்களுக்கு இரண்டாவது கருத்தே இல்லை. கணவன் போன பிறகு தவணையும் குழந்தைகளுமாக ஒரு பெண் தனியாக நிற்கக் கூடாது. அதற்கு 40 லட்சத்துக்குக் குறையாத டேர்ம் பாலிசியை (காலத்துக்குள் இறந்தால் மட்டும் பணம் தரும் காப்பீட்டை) தனியாக, வருடப் பிரீமியத்தில் எடுங்கள். கடனை முன்கூட்டியே முடித்தாலும் வேறு வங்கிக்கு மாற்றினாலும் அது தொடரும்.

2024 அக்டோபர் 1 முதல் கடன் தருபவர்கள் கீ ஃபேக்ட் ஸ்டேட்மெண்ட் என்ற தாளைக் கட்டாயம் தர வேண்டும். எல்லாக் கட்டணத்தையும் வட்டியோடு சேர்த்து ஆண்டுக்கு எத்தனை சதவீதம் ஆகிறது என்று அதில் இருக்கும். இன்சூரன்ஸ் சேர்த்து ஒரு தாள், சேர்க்காமல் ஒரு தாள் என்று இரண்டு கேளுங்கள். அந்தத் தாளில் இல்லாத கட்டணத்தை உங்கள் வெளிப்படையான சம்மதம் இல்லாமல் பிறகு வாங்க முடியாது.

கேள்வி (சேலம்): கடன் வாங்கி ஒரு வருடம் ஆகிறது (40 லட்சம், 8.5%, 20 வருடம்). போனஸ் 2 லட்சம் வந்திருக்கிறது. கட்டினால் ஏதாவது பயன் உண்டா?

பதில்: இந்த வயதுக் கடனுக்கு இதைவிட நல்ல முதலீடு கிடைப்பது அரிது. இப்போது கட்டினால் 26 தவணை குறையும், மிச்சமாகும் வட்டி சுமார் 7.1 லட்சம். இதே 2 லட்சத்தை 15-வது வருட முடிவில் கட்டினால் எட்டு ஒன்பது தவணைதான் குறையும், மிச்சம் சுமார் 97,000. ஆரம்ப வருடங்களில் கட்டும் பணத்துக்குத்தான் பலம்.

கட்டும்போது ஒரு இடத்தில் ஏமாறாதீர்கள். செயலியிலோ படிவத்திலோ "இ.எம்.ஐ.யைக் குறைக்கவா, காலத்தைக் குறைக்கவா" என்று கேட்கும். இ.எம்.ஐ. என்று போட்டுவிட்டால் மாதம் 1,771 ரூபாய் குறையும், ஆனால் 228 தவணையும் அப்படியே நிற்கும், வட்டி மிச்சம் 2 லட்சத்துச் சில்லறையோடு முடிந்துவிடும். காலத்தைக் குறைக்கச் சொல்லுங்கள். இரண்டு நாள் கழித்துப் புதிய தவணை அட்டவணையை எடுத்து 202 என்று இருக்கிறதா என்று பாருங்கள். தனிநபரின் மிதக்கும் வட்டி வீட்டுக்கடனை முன்கூட்டிக் கட்டுவதற்குத் தனிக் கட்டணம் கிடையாது. நிலையான வட்டி என்றால் இருக்கலாம், ஒப்பந்தத்தைப் படியுங்கள். ஆறு மாதத் தவணைக்கும் வீட்டுச் செலவுக்கும் பணம் தனியாக இல்லை என்றால் முதலில் அதைச் சேருங்கள்.

கேள்வி (நாகர்கோவில்): வரிச்சலுகை போய்விடும், கடனை முடிக்காதே என்று அலுவலகத்தில் சொல்கிறார்கள்.

பதில்: பழைய வரி முறையில், சொந்தமாகக் குடியிருக்கும் வீட்டுக்கு வருடம் 2 லட்சம் வரையான வட்டியைத்தான் கழிக்கலாம். 30% அடுக்கில் இருப்பவருக்கு மிச்சம் செஸ்ஸோடு சேர்த்து 62,400. அந்த 2 லட்சத்தை வங்கிக்கு வட்டியாகக் கொடுத்தால்தான் இது கிடைக்கும். புதிய வரி முறையில் இருந்தால் இந்தச் சலுகையே இல்லை. தாராளமாக முடியுங்கள்.

கேள்வி (திருநெல்வேலி): ஒரு ஃபைனான்ஸில் 6% வட்டி, 10 வருடம் என்கிறார்கள். வங்கியைவிடக் குறைவுதானே?

பதில்: "ஃபிளாட்" வட்டியா என்று கேளுங்கள். ஃபிளாட் என்றால் கட்டிய அசலைக் கழிக்காமல் 10 வருடமும் முழுத் தொகைக்கே வட்டி. லட்சத்துக்கு மாதம் 1,333 ரூபாய் வரும். வங்கிகள் வட்டி போடும் முறையில் கணக்கிட்டால் அது 10.2%.

கேள்வி (தஞ்சாவூர்): கடைசித் தவணை கட்டிவிட்டேன். வேறு என்ன செய்ய வேண்டும்?

பதில்: பாக்கி இல்லை என்ற சான்றையும் கடன் வாங்கும்போது கொடுத்த அசல் ஆவணங்களையும் வாங்குங்கள். அன்று வங்கி கொடுத்த ஆவணப் பட்டியலை வைத்து கிரயப்பத்திரம், தாய்ப்பத்திரம், பட்டா, வரைபடம் என்று ஒவ்வொன்றாகச் சரிபாருங்கள். முழுக் கடனும் தீர்ந்து 30 நாளுக்குள் திருப்பித் தர வேண்டும். அவர்கள் பக்கத் தாமதம் என்றால் நாளுக்கு 5,000 ரூபாய் இழப்பீடு உண்டு. 2023 டிசம்பர் 1 முதல் இந்த விதி நடப்பில் இருக்கிறது.

பத்திரம் கைக்கு வந்ததும் பலர் நின்றுவிடுகிறார்கள். எம்.ஓ.டி. சார்பதிவாளர் அலுவலகத்தில் பதிவானது. அதை ரத்து செய்யும் ரசீது ஆவணத்தையும் அங்கே பதிய வேண்டும், வங்கி அதிகாரி வந்து கையெழுத்துப் போட வேண்டும். பதியாவிட்டால் பத்து வருடம் கழித்து வீட்டை விற்கும்போது வில்லங்கச் சான்றில் பழைய அடமானம் அப்படியே நிற்கும். அதற்குள் அந்தக் கிளையே வேறொன்றோடு இணைந்திருக்கலாம். ரசீது பதிந்த ஒரு வாரத்தில் புது வில்லங்கச் சான்று எடுத்து, அந்தப் பதிவு ஏறியிருக்கிறதா என்று பார்த்துவிட்டு ஆவணங்களோடு சேர்த்து வையுங்கள். உங்கள் கடன் வரலாற்றைக் காட்டும் சிபில் அறிக்கையிலும் கடன் முடிந்ததாகக் காட்டுகிறதா என்று இரண்டு மாதம் கழித்துப் பாருங்கள்.