கேமரா எங்கே நின்றது?

(பழைய படச்சுருள்கள் பற்றிய வாசகர் கேள்விகளுக்கு, ஆவணப்பட எடிட்டராக இருந்து ஓய்வு பெற்ற ஒருவரின் பதில்கள்)

கே: ரஷ்யப் புரட்சி பற்றிய ஆவணப்படத்தில் ஜனங்கள் குளிர்கால அரண்மனைக்குள் பாய்வதைப் பார்த்துச் சிலிர்த்துப்போனேன். 1917இலேயே எவ்வளவு அருமையாக எடுத்திருக்கிறார்கள்!
- மதுரை வாசகர்

ப: அந்தச் சிலிர்ப்பை சோவியத் சினிமா இயக்குநர் ஐசன்ஸ்டைன் கணக்கில் எழுதுங்கள். நீங்கள் பார்த்தது அநேகமாக, புரட்சியின் பத்தாம் ஆண்டுக்காக அவர் எடுத்த 'அக்டோபர்' படத்தின் காட்சி. அசல் சம்பவம் நடந்தது ராத்திரியில். அந்த இருட்டில் அன்றைய பிலிமில் என்ன பதிந்திருக்கும்? முதல் உலகப் போரில் பிரான்சில் நடந்த சோம் சண்டையைப் பற்றி 1916இல் வந்த பிரிட்டிஷ் ஆவணப்படத்திலும், வீரர்கள் பதுங்குகுழியிலிருந்து ஏறிப் பாயும் பிரபலமான காட்சி நடிக்கவைத்து எடுத்ததுதான். மற்றதில் பெரும்பகுதி அசல் என்பதால் இதுவும் அசலோடு கலந்துவிட்டது. இப்படிக் காட்சிகளைப் போடக் கூடாது என்று நான் சொல்லவில்லை. எந்தப் படத்திலிருந்து எடுத்தது என்று கீழே ஒரு வரி போடலாமே. "விறுவிறுப்பு போயிடும் சார்" என்பார்கள். போகட்டும்.

கே: ஏ.கே. செட்டியார் எடுத்த காந்தி படம் இப்போது கிடைக்குமா?
- காரைக்குடி வாசகி

ப: 1940இல் வெளியான தமிழ்ப் படம் முழுசாகக் கிடைக்கவில்லை. நினைத்தாலே வயிறு எரிகிறது. மனிதர் 1937இல் நியூயார்க்கிலிருந்து டப்ளினுக்குக் கப்பலில் போகும்போது இந்த யோசனை வந்து, பிறகு உலகமெல்லாம் அலைந்து, பலர் பல வருஷங்களில் எடுத்த காட்சிகளைத் திரட்டினார். சேர்ந்தது சுமார் 50,000 அடி. நிமிஷத்துக்கு 90 அடி என்று கணக்குப் போட்டால் ஒன்பது மணி நேரத்துக்கு மேல்! அதிலிருந்து 12,000 அடியாக வெட்டினார். பல நாட்டுச் சுருள்கள், பல வேகங்கள், ஒன்றில் கீறல், ஒன்றில் வெளிறல்... ஒட்டி உட்கார்ந்தவனுக்குத்தான் அந்தப் பாடு தெரியும். 1953இல் அமெரிக்காவில் ஆங்கில வடிவம் வந்தது. அதன் பிரதி ஒன்றை வரலாற்றாய்வாளர் ஆ.இரா. வேங்கடாசலபதி சான்பிரான்சிஸ்கோ பல்கலைக்கழகம் ஒன்றில் தேடிப் பிடித்தார். நமக்கு மிஞ்சியது அதுதான். ஒரே பிரதியை ஒரே அலமாரியில் வைப்பவர்கள் இதைக் கவனிக்கவும்.

கே: அப்பா எடுத்த 8 எம்எம் சுருள்கள் பரணில் இருந்தன. டப்பாவைத் திறந்தால் வினிகர் நெடி. எந்த வருஷத்துப் படம் என்றும் தெரியவில்லை.
- கும்பகோணம் வாசகர்

ப: அது அசிடேட் என்ற பிளாஸ்டிக்கில் செய்த பிலிம்; சிதையத் தொடங்கிவிட்டது. வெக்கையும் ஈரமும் அதற்கு எமன். நெடி அடிக்கும் சுருள்களை மற்றவற்றிலிருந்து உடனே பிரித்து வையுங்கள். அந்த அமில ஆவி நல்ல சுருள்களையும் கெடுக்கும். ஆசைக்குக்கூடப் புரொஜெக்டரில் ஓட்டிப் பார்க்காதீர்கள். சுருங்கிய பிலிமின் ஓரத்து ஓட்டைகள் பல்சக்கரத்தில் சிக்கிக் கிழிந்துவிடும். பரணிலிருந்து இறக்கி, வீட்டிலேயே குளிர்ச்சியான, ஈரமில்லாத இடத்தில் வைத்து, சீக்கிரம் ஸ்கேன் செய்யக் கொடுங்கள். ஸ்கேன் ஆன கையோடு சுருளைக் குப்பையில் போட்டுவிட வேண்டாம். நாளைக்கு இதைவிட நல்ல ஸ்கேனர் வரும்.

வருஷத்துக்கு ஒரு வழி உண்டு. கோடக் பிலிமாக இருந்தால் விளிம்பை லென்ஸ் வைத்துப் பாருங்கள். பொடியாக வட்டம், சதுரம், முக்கோணம் என்று குறிகள் இருக்கும். பிலிம் தயாரான வருஷத்தைச் சொல்வது அதுதான். அதே குறிகள் சில பத்தாண்டுகள் கழித்துத் திரும்பவும் வரும் என்பதால், படத்தில் தெரியும் கார், புடவை, சுவரொட்டி எல்லாவற்றையும் சேர்த்துப் பார்த்து முடிவு செய்யுங்கள்.