பேராயர் மார்செல் லெஃபெவ்ர் திருச்சபைக்குத் துரோகம் செய்தவரா? அவரை மதிக்கும் பெரியவர்களிடம் எப்படிப் பேசுவது?

தம்பி, கேட்டிருக்கும் விதத்தைப் பார்த்தால் வீட்டில் தாத்தாவோடு ஒரு சண்டை முடித்துவிட்டு வந்திருக்கிறீர்கள் என்று தோன்றுகிறது. நானும் இதே ஆள் பேரைச் சொல்லி என் அப்பாவோடு சண்டை போட்டவள். அதனால்தான் எழுதுகிறேன்.

முதலில் அவர் யார் என்று தெரிந்துகொள்ளுங்கள். 1905-இல் பிரான்சின் வடக்கே தூர்குவேன் ஊரில், நெசவாலைக்காரர் வீட்டில் பிறந்தவர். எட்டுப் பிள்ளைகளில் ஐந்து பேர் துறவறம் போன குடும்பம். அவருடைய அப்பா ஜெர்மானியரை எதிர்த்து இரகசிய வேலை செய்து பிடிபட்டு, 1944-இல் நாஜிச் சிறையிலேயே இறந்தார். மகன் 1932-இல் ஆப்பிரிக்காவின் காபோனுக்குப் போய்ப் பதின்மூன்று வருடம் மறைபரப்புப் பணி செய்தார். பிறகு செனகல் நாட்டின் டாக்கருக்கு ஆயரானார், பேராயரும் ஆனார். 1962-இல் அவருக்கு அடுத்து அந்தப் பொறுப்புக்கு வந்த தியாண்டும், அவர் கையாலேயே குருப்பட்டம் வாங்கிய ஆப்பிரிக்கர். இதையெல்லாம் படிக்காமல், பாப்பரசர் பேச்சை மீறி அவர் 1988-இல் செய்ததை மட்டும் வைத்துத் துரோகி என்று எழுதுகிறவர்களைப் பார்த்தால் எனக்குக் கோபம் வருகிறது.

என் அப்பா மலேசியாவில், பினாங்குத் தீவுக்கு எதிர்க்கரையான செபராங் பிறையில் ஒரு தோட்டத்தில் உபதேசியார். சிறுவயதில் பினாங்கு ரோடு புனித சவேரியார் கோயிலில் பூசைக்கு உதவி செய்த பையன். அப்போது பூசை லத்தீனில். சாமியார் "தோமினுஸ் வோபிஸ்கும்" (ஆண்டவர் உங்களோடு) என்றால் "எத் கும் ஸ்பிரித்து துவோ" என்று பதில் சொல்ல வேண்டும். எல்லாவற்றையும் தமிழ் எழுத்தில் ஒரு நோட்டில் எழுதி மனப்பாடம் செய்தவர். பூசையை அவரவர் மொழியில் வைக்க வழிவிட்ட இரண்டாம் வத்திக்கான் பொதுச்சங்கம் முடிந்து, 1969-இல் புதிய பூசைப் புத்தகம் வந்தபோது அவர் எதிர்த்து ஒரு வார்த்தை பேசவில்லை. தோட்டத்து சனங்களுக்குத் தமிழ்ப் பூசையைச் சொல்லிக் கொடுத்ததே அவர்தான். ஆனால் நன்மை (பூசையில் கொடுக்கும் அப்பம்) வாங்கும்போது மட்டும் முழங்காலில்தான் நிற்பார்.

எண்பதுகளில் நாங்கள் தீவுப் பக்கம் வந்த பிறகு ஒரு ஞாயிறு. பங்கின் பெயரும் சாமியாரின் பெயரும் வேண்டாம். முழங்காலிட்டு நன்மை வாங்கும் கிராதியை எடுத்தாகிவிட்டது. அப்பா வெறுந்தரையில் முழங்கால் போட்டார். சாமியார் அப்பத்தைக் கையிலேயே வைத்துக்கொண்டு, "எழுந்து நில்லுங்க ஐயா, எல்லாரும் நின்னுதான வாங்குறாங்க" என்றார். அப்பா எழவில்லை. சாமியார் அடுத்த ஆளுக்குப் போய்விட்டார். பாடற்குழுவில் நின்றிருந்த எனக்கு மானம் போனது போல இருந்தது. வீட்டுக்கு வந்து கத்தினேன்: "எல்லாருக்கும் புரியணும்னுதானப்பா மாத்தினாங்க. உங்களுக்கு மட்டும் என்ன தனிச் சட்டம்?" அவர் பதில் சொல்லவில்லை. அதன்பிறகு கடைசி பெஞ்சு அவருடைய இடமாகிவிட்டது.

புதிய பூசையை எதிர்த்துப் பழைய லத்தீன் பூசையையே பிடித்துக்கொண்டு நின்றவர் லெஃபெவ்ர். அவர் படம் அதற்கப்புறம்தான் வீட்டுக்கு வந்தது. காரைக்காலில் இருந்த மாமா பிரெஞ்சுப் பத்திரிகையிலிருந்து வெட்டி அனுப்பியது. அலமாரிக் கதவின் உள்பக்கம் ஒட்டியிருந்தார்.

1988 மே 5-ஆம் தேதி ரோமோடு உடன்படிக்கையில் கையெழுத்துப் போட்ட அந்தப் பேராயர், மறுநாளே பின்வாங்கினார். ஜூன் 30-இல் சுவிட்சர்லாந்தின் எக்கோனில் பாப்பரசர் அனுமதியில்லாமல் நான்கு பேரை ஆயர்களாக்கினார். வயது 82. உடனே திருச்சபையிலிருந்து விலக்கு. நான் கோயிலில் செய்தி கேட்டு ஓடிவந்து, "பாத்தீங்களா உங்க ஆளை?" என்றேன். அப்பா எழுந்துபோய்ப் படத்தைக் கிழியாமல் பிரித்தெடுத்தார். அவ்வளவுதான். அடுத்த ஞாயிறு வழக்கம்போல எங்களோடு தமிழ்ப் பூசைக்கு வந்தார்.

இதை வைத்து நான் லெஃபெவ்ர் ஆள் என்று யாரும் கிளம்ப வேண்டாம். பாப்பரசர் வேண்டாம் என்று சொல்லியும் ஆயர்களை ஏற்படுத்தியது தவறு. மதச் சுதந்திரம் பற்றிய சங்க ஏட்டை அவர் கடைசிவரை எதிர்த்தார். மலேசியாவில் சிறுபான்மையாக, மதச் சுதந்திரம் தரும் அரசியல் சாசனம் 11-ஆவது விதியை நம்பி வாழும் நம்மால் அதை எப்படி ஒப்புக்கொள்ள முடியும்? அவர் ஏற்படுத்திய நால்வரில் ஒருவர் நாஜிகளின் விஷவாயு அறைகளே இல்லை என்று பேசியதை 2009-இல் உலகமே கேட்டது. சொந்தத் தகப்பனை நாஜிச் சிறையில் பறிகொடுத்தவரின் வாரிசு பேசிய பேச்சு அது. என்னால் அதைப் பொறுக்கவே முடியவில்லை.

கேள்விக்குச் சம்பந்தமில்லைதான், இருந்தாலும் சொல்கிறேன். இப்போது எங்கள் பங்கில் பெரிய திருநாள் என்றால் தமிழ்ப் பூசை கிடையாது, எல்லா மொழியும் கலந்த ஒரே பூசை. நமக்கு ஒரு வாசகம், ஒரு பாட்டு. அந்தப் பாட்டும் திரையில் ஆங்கில எழுத்தில்தான் ஓடுகிறது. கூட்டத்தில் கேட்டால் "எல்லாருக்கும் புரியணும்ல அக்கா" என்கிறார்கள். நாற்பது வருடமாகத் தமிழில் பாடிய எனக்குச் சொல்கிற பதில் இது. நான் அப்பாவிடம் கத்திய அதே வார்த்தை.

அப்பா 2004-இல் போய்ச் சேர்ந்தார். பழைய லத்தீன் பூசையைத் தாராளமாக வைக்கலாம் என்று பெனடிக்ட் பாப்பரசர் சொன்னது 2007-இல். பிறகு 2021-இல் பிரான்சிஸ் பாப்பரசர் மறுபடி கட்டுப்பாடு வைத்தார். அந்த லெஃபெவ்ர் படம் அப்பாவுடைய பூசைப் புத்தகத்துக்குள் இருந்தது. பின்பக்கம் பென்சிலில் ஜூன் 30 என்ற தேதியும், "இவருக்காக வேண்டிக்கொள்ள" என்பதும்.

உங்கள் தாத்தாவிடம் லெஃபெவ்ரைப் பற்றி வாதாட வேண்டாம் தம்பி. அந்த லத்தீன் பதில்களைச் சொல்லச் சொல்லி, போனில் பதிவு செய்துகொள்ளுங்கள். எங்களிடம் நோட்டு இருக்கிறது, அப்பா குரல் இல்லை.